விண்மீனுக்குக் காவல் உண்டு, வெள்ளித்திரைக்கு?

வாணியம்பாடியிலிருந்து ஆலங்காயம் வழியாகச் சவ்வாது மலையில் ஏறினால், கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 725 மீட்டர் உயரத்தில் இருக்கிறது காவலூர். ஊரின் பெயரிலேயே காவல் இருக்கிறது. அங்குள்ள வைணு பாப்பு வானாய்வகத்தின் பெரிய தொலைநோக்கியைக் காணச் சில குடும்பங்களோடு ஒரு சனிக்கிழமை மாலை போயிருந்தேன். 2.34 மீட்டர் விட்டமுள்ள கண்ணாடியைக் கொண்ட அந்தக் கருவி 1986-ஆம் ஆண்டு பணியைத் தொடங்கியது. அன்று இரவு மேகம் சூழ்ந்துகொண்டது. விண்மீன்கள் அதிகம் தென்படவில்லை. எனினும் வெறுங்கையோடு நான் திரும்பவில்லை. ஒரு கேள்வியைச் சுமந்துகொண்டே மலையிறங்கினேன். அக்கேள்வி என்னைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்திய கேள்வி. வாசகரையும் அதே கூண்டுக்கு அழைக்கவே இதை எழுதுகிறேன்.

1977-ஆம் ஆண்டு யுரேனஸ் கோள் ஒரு விண்மீனை மறைத்துக் கடந்தது. அவ்வேளையில் அவ்விண்மீனின் ஒளி எப்படிக் கூடிக் குறைந்தது என்பதைக் காவலூரில் பதிவு செய்தார்கள். உலகின் பிற இடங்களில் எடுக்கப்பட்ட பதிவுகளோடு அதுவும் சேர்ந்தபோது, யுரேனஸைச் சுற்றி வளையங்கள் உண்டு என்னும் உண்மை துலங்கியது. இதே நிறுவனத்தைச் சேர்ந்த கொடைக்கானல் வானாய்வகத்தில் 1904 முதல் சூரியனின் முகத்தை நாள்தோறும் படமெடுத்து வந்திருக்கிறார்கள். நூறாண்டைக் கடந்த அப்படத் தகடுகள் பாதுகாக்கப்பட்டு, இன்று கணினிப் பதிவுகளாகவும் மாற்றப்பட்டுள்ளன. 1904-ஆம் ஆண்டு ஒரு நாளில் சூரியனில் எத்தனை கரும்புள்ளிகள் இருந்தன என்று கேட்டால், எடுத்துக் காட்டத் தகடு இருக்கிறது.

ஆனால் 1931-ஆம் ஆண்டு அக்டோபர் 31 அன்று வெளியான முதல் தமிழ்ப் பேசும் படமான 'காளிதாஸ்' எப்படி இருந்தது, கதாநாயகி டி. பி. ராஜலட்சுமி அதில் எப்படிப் பேசினார், எப்படிப் பாடினார் என்று கேட்டால், எடுத்துக் காட்ட நம்மிடம் ஒரு சுருளும் இல்லை. பதினைந்து கோடிக் கிலோமீட்டருக்கு அப்பால் எரியும் சூரியனின் முகத்தைக் காத்துவைத்த நாடு, தன் தெருவில் ஓடிய படத்தைத் தொலைத்துவிட்டது. ஏன்?

வேலூர்க்காரர் ஒருவரின் கதை

காவலூரிலிருந்து வெகு தொலைவில் இல்லாத வேலூரில் 1885-இல் பிறந்தவர் ஆர். நடராஜ முதலியார். சென்னையில் மோட்டார் வண்டி வணிகம் செய்துவந்த அவர், ஆங்கிலேய ஒளிப்பதிவாளர் ஒருவரிடம் கேமராவை இயக்கக் கற்றுக்கொண்டு, புரசைவாக்கம் பகுதியில் படப்பிடிப்பு நிலையம் ஒன்றை நிறுவினார். தென்னாட்டின் முதல் கதைப் படமான 'கீசக வத'த்தை எடுத்தவர் அவரே. அது மௌனப் படம். பிலிமைக் கழுவும் வேலை பெங்களூரில் நடந்தது. பின்னர் மகனின் மரணமும் நிலையத்தில் நேர்ந்த தீ விபத்தும் அவரை அத்தொழிலிலிருந்து விலக்கின.

'கீசக வதம்' எந்த ஆண்டு வெளியானது? சிலர் 1916 என்கிறார்கள். சிலர் 1917 என்கிறார்கள். 1918 என்பாரும் உண்டு. சங்க காலத்தைப் பற்றிய கருத்து வேற்றுமை அன்று இது. நம் பாட்டன்மார் காலத்தைப் பற்றியது. படம் கையில் இல்லாததால், ஆண்டுகூடக் கைநழுவிப் போயிற்று. இதில் நெஞ்சைச் சுடும் செய்தி ஒன்றுண்டு. நடராஜ முதலியார் 1971 வரை வாழ்ந்தார். தமிழகத்தில் திரைப்படம் ஆட்சியையே மாற்றிய பின்னரும் அவர் உயிரோடிருந்தார். அவர் வாசற்படியை மிதித்து, "ஐயா, என்ன நடந்தது? சொல்லுங்கள், எழுதிக்கொள்கிறேன்" என்று கேட்க எத்தனை பேருக்குத் தோன்றியது?

தென்னாட்டில் எடுக்கப்பட்ட மௌனப் படங்கள் நூற்றுக்கும் மேற்பட்டவை என்பர் ஆய்வாளர். அவற்றுள் எஞ்சியதாக அவர்கள் சுட்டுவது 'மார்த்தாண்ட வர்மா' (1933) ஒன்றையே. அதுவும் எப்படி எஞ்சியது? நாவலின் உரிமையை வைத்திருந்த புத்தக நிறுவனம், தன் அனுமதியின்றிப் படமெடுத்ததாக வழக்குத் தொடுத்தது. படச்சுருள் தயாரிப்பாளரிடமிருந்து பறிக்கப்பட்டு, திருவனந்தபுரத்தில் அந்நிறுவனத்தின் வசமே ஆண்டுக்கணக்கில் முடங்கிக் கிடந்தது. 1974-இல் அதைக் கண்டெடுத்து, புனே நகரிலுள்ள தேசியத் திரைப்படக் காப்பகத்தில் சேர்த்தார்கள். அன்பு காக்கவில்லை, வழக்குக் காத்தது. சண்டை போட்டவர்களின் கிட்டங்கியில் பிழைத்தது, பாராட்டியவர்களின் கைகளில் அழிந்தது. நம் பண்பாட்டின் யோக்கியதைக்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

தனி மனிதர்களின் தவம்

இந்தப் பாழிலும் சில தனி மனிதர்கள் தவமிருந்தார்கள். அவர்களுள் ஒருவர் பிலிம் நியூஸ் ஆனந்தன். கையில் ஒரு கேமராவோடு திரையுலகுக்குள் நுழைந்த இளைஞர் அவர். 'பிலிம் நியூஸ்' என்னும் இதழுக்குப் படமெடுத்துத் தந்ததால், அந்த இதழின் பெயரே அவருக்கு முன்பெயராயிற்று. 1958-இல் வெளியான 'நாடோடி மன்ன'னின் படங்களையும் செய்திகளையும் பத்திரிகைகளுக்குக் கொண்டுசேர்த்ததன் மூலம் தமிழ்த் திரையுலகின் முதல் மக்கள் தொடர்பாளர் என்று பெயர் பெற்றார்.

அந்த வேலையோடு அவர் நின்றிருந்தால் இன்று இந்தக் கட்டுரையில் அவருக்கு இடமில்லை. விளம்பரம் செய்பவனுக்கு நாளைய படம்தான் முக்கியம். நேற்றைய படம் குப்பை. அவரோ நேற்றைய குப்பையைப் பொறுக்கினார். பாட்டுப் புத்தகங்கள், நோட்டீசுகள், புகைப்படங்கள், யார் நடித்தார், யார் பாடினார், எந்த நாளில் எந்தக் கம்பெனி வெளியிட்டது என்னும் விவரங்கள் என்று ஒவ்வொன்றாகச் சேர்த்தார். கொட்டகை வாசலில் காலணா, அரையணாவுக்கு விற்ற பாட்டுப் புத்தகத்தைப் படம் முடிந்ததும் தூக்கி எறிந்தது தமிழ்நாடு. படச்சுருள் அழிந்துபோன பின், அந்தப் படத்தின் கதைச் சுருக்கமும் நடிகர் பட்டியலும் பாடல்களும் அந்தச் சிறு புத்தகத்தில் மட்டுமே மிஞ்சின. எறிந்தவர்கள் நாம், குனிந்து எடுத்தவர் அவர்.

ஆண்டுகள் பல உழைத்து அவர் தொகுத்த 'சாதனைகள் படைத்த தமிழ்த் திரைப்பட வரலாறு' 2004-இல் வெளிவந்தது. 1931 முதல் வந்த தமிழ்ப் படங்களைப் பற்றி இன்று எழுதுகிற எவரும், அறிந்தோ அறியாமலோ, அவர் திரட்டிய விவரங்களின் மேல் நின்றே எழுதுகிறார். அவருடைய சேகரிப்பை மாநில அரசே பெற்றுக்கொண்டது. நல்லதுதான். ஆனால் பெற்றுக்கொள்வது வேறு, பேணுவது வேறு. அந்தச் சேகரிப்பு எங்கே இருக்கிறது, எந்த நிலையில் இருக்கிறது, ஒரு கல்லூரி மாணவி அதைப் பார்க்க விரும்பினால் எந்தக் கதவைத் தட்ட வேண்டும் என்று நம்முள் எத்தனை பேர் கேட்டிருக்கிறோம்? பொன்னாடை போர்த்தும் கூட்டத்துக்கு ஆயிரம் பேர் வருகிறோம். பெட்டிகளுக்குப் பூச்சிமருந்து வைத்தார்களா என்று கேட்க ஒருவரும் வருவதில்லை.

இன்னொருவர் பி. கே. நாயர். 1933-இல் திருவனந்தபுரத்தில் பிறந்தவர். 1964-இல் தொடங்கப்பட்ட தேசியத் திரைப்படக் காப்பகத்தில் அடுத்த ஆண்டே சேர்ந்து, 1991-இல் ஓய்வு பெறும்வரை அதைக் கல்மேல் கல் வைத்துக் கட்டியவர். பன்னிரண்டாயிரம் படங்கள் அவர் காலத்தில் சேர்ந்தன. தாதாசாகிப் பால்கே எடுத்த 'ராஜா ஹரிச்சந்திரா' (1913), 'காளிய மர்தன்' (1919) ஆகியவற்றில் இன்று நாம் காணக்கூடியவை அவரது தேடலின் பயன். அவரும் தோற்ற இடங்கள் உண்டு. இந்தியாவின் முதல் பேசும் படமான 'ஆலம் ஆரா' (1931) எவருக்குமே கிடைக்கவில்லை.

மூன்றாமவர் சு. தியடோர் பாஸ்கரன். அஞ்சல் துறையில் உயர்பதவி வகித்துக்கொண்டே, தமிழ் நாடகமும் சினிமாவும் விடுதலைப் போராட்டத்துக்கு எவ்வாறு தூது சென்றன என்பதை ஆவணங்களிலிருந்து எடுத்து 1981-இல் ஆங்கில நூலாக்கினார். சினிமாவைப் பற்றிப் படித்தவர்கள் பேசுவதே இழுக்கு என்றிருந்த காலத்தில், அதைப் பல்கலைக்கழக வாசலுக்குக் கொண்டுபோனவர்களுள் அவர் முன்னோடி.

2016-ஆம் ஆண்டு மார்ச் 4 அன்று நாயர் மறைந்தார். அதே மாதம் 21 அன்று ஆனந்தன் மறைந்தார். பதினேழு நாள் இடைவெளியில் இரண்டு நினைவுக் களஞ்சியங்கள் மூடப்பட்டன. எந்தப் பெட்டியில் எது இருக்கிறது, எந்தப் புகைப்படத்தில் இடமிருந்து மூன்றாவதாக நிற்பவர் யார் என்னும் அறிவு, எழுதி வைக்கப்படாத அளவுக்கு அவர்களோடு கல்லறைக்கும் சுடலைக்கும் போயிற்று. ஒரு சமுதாயத்தின் நினைவாற்றல் இரண்டொரு முதியவர்களின் மூச்சில் தொங்கிக்கொண்டிருந்தது என்றால், அது அவர்களுக்குப் பெருமை, நமக்கு வெட்கம்.

மூன்று சாக்குகள்

இதைப் பேசத் தொடங்கினால் மூன்று சாக்குகள் உடனே எழும்.

முதலாவது: "சினிமா கூத்தாடிகளின் சரக்கு. அதைக் காத்து என்ன பயன்?" நம்மைப் போன்ற பக்தியுள்ள குடும்பங்களில் அடிக்கடி கேட்கும் குரல் இது. நல்ல படம், கெட்ட படம் என்று தரம் பிரிப்பது வேறு. சான்றைக் காப்பது வேறு. நாணயத்தில் பொறித்த அரசன் நல்லவனா என்று பார்த்தா அருங்காட்சியகத்தில் நாணயத்தை வைக்கிறார்கள்? 1930-களில் ஒரு தமிழ்ப் பெண் சேலையை எப்படிக் கட்டினாள், சென்னைத் தெருவில் டிராம் எப்படி ஓடியது, நம் மொழியை மக்கள் எந்த ஓசையில் பேசினார்கள் என்பதை எந்தக் கல்வெட்டும் சொல்லாது. ஒரு சாதாரணப் படம் சொல்லிவிடும். இந்த மண்ணை ஆண்ட முதலமைச்சர்களுள் ஐவர் திரையுலகிலிருந்து வந்தவர்களோ திரைக்கு எழுதியவர்களோதான். ஆட்சிபீடத்துக்கே ஏணியான கலையைக் குப்பை என்று ஒதுக்கினால், நம் வரலாற்றையே குப்பை என்கிறோம்.

இரண்டாவது: "கோடி கோடியாகச் சம்பாதிக்கும் திரையுலகமே இதைச் செய்யட்டும்." செய்யாது, செய்ததுமில்லை. தயாரிப்பாளருக்குப் படம் ஒரு முதலீடு. ஓடி முடிந்த படம் அவருக்குக் கிட்டங்கி வாடகை. அந்தக் காலத்து நைட்ரேட் பிலிமோ எளிதில் தீப்பற்றுவது. பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியக்கூடியது. அதன் மேல் பூசிய வெள்ளியைப் பிரித்தெடுத்து விற்றால் நாலு காசு கிடைக்கும். எனவே படங்களை உருக்கினார்கள். வெள்ளித்திரை என்று நாம் புகழ்ந்ததை, வெள்ளிக்காகவே அழித்தார்கள். பின்னர் வந்த அசிடேட் பிலிம் எளிதில் தீப்பற்றாது. ஆனால் சென்னையின் வெக்கையிலும் ஈரத்திலும் புளித்த வாடை வீசி, சுருங்கி, நொறுங்கும். குளிர்ச்சியும் உலர்ந்த காற்றும் இடைவிடாத கண்காணிப்பும் இன்றி அதைக் காக்க முடியாது. அரசுக் காப்பகத்துக்கே இது எளிதன்று. 2003 ஜனவரியில் புனேயில் மூண்ட தீயில் பழைய நைட்ரேட் சுருள்கள் பல எரிந்துபோயின. லாபத்தைக் கணக்கிடுபவரிடம் இந்தப் பொறுப்பை விடுவது, பூனையிடம் பால்குடத்தை ஒப்படைப்பது.

மூன்றாவது: "இப்போது எல்லாம் இணையத்தில் இருக்கிறதே!" எல்லாம் இல்லை. இருப்பதும் பெரும்பாலும் தேய்ந்த பிரதியிலிருந்து தொலைக்காட்சிக்காக எடுக்கப்பட்டு, ஓரம் வெட்டப்பட்டு, பாட்டுக் குறைக்கப்பட்டு வந்தது. அதை ஏற்றியவர் நாளை நீக்கினால் போயிற்று. கணினித் தட்டு பழுதானாலும் போயிற்று. மூலம் இருந்தால் நூறு நகல் எடுக்கலாம். நகலிலிருந்து மூலத்தைப் பெற முடியாது. பழைய படங்களைக் கணினியில் செப்பனிடும் தொழிலில் சென்னை உலகப் பெயர் பெற்றது. மருத்துவர் நம் ஊரில் இருக்கிறார். நோயாளிதான் அவர் வாசலை எட்டுமுன் செத்துப்போகிறார்.

நம் வீட்டுக் கதை

இது யாரோ பிறத்தியாருடைய வழக்கு என்று வாசகர் எண்ணிவிடலாகாது. 1905-இல் இரயில்வேயில் வரைவாளராக மாதம் 25 ரூபாய் சம்பளம் பெற்றுவந்த கோயம்புத்தூர் சாமிக்கண்ணு வின்சென்ட், திருச்சியில் தூபோன் என்னும் பிரெஞ்சுக்காரரிடமிருந்து படம் காட்டும் கருவியையும் சில படங்களையும் விலைக்கு வாங்கி, கூடாரம் அடித்து ஊர் ஊராகக் காட்டினார். அப்படி அவர் காட்டியவற்றுள் ஒன்று இயேசு கிறிஸ்துவின் வாழ்க்கை. தமிழ்ச் சிற்றூர்களில் வெள்ளைத் துணியில் மனித உருவங்கள் அசைந்ததை முதன்முதலாகக் கண்டவர்களில் பலர், பாடுகளின் காட்சியைக் கண்டு நின்றிருப்பார்கள். 1914-இல் கோவையில் அவர் கட்டிய வெரைட்டி ஹால் தென்னாட்டின் முதல் நிரந்தரத் திரையரங்குகளுள் ஒன்று. அந்தச் சாலைக்கு இன்றும் அதுவே பெயர். அவர் சுமந்து திரிந்த அந்தப் படச்சுருள் எங்கே? நம்மில் எவரும் கேட்கவில்லை.

சுவிட்சர்லாந்து நாட்டில் பாசல் நகரில் யோசேப்பு ஜோய் என்னும் சேசு சபைக் குரு இருந்தார். 1900-களின் தொடக்கத்தில், சிறுவர்களுக்கு மறைக்கல்வியும் பொது அறிவும் புகட்டுவதற்காக, பழம்பொருள் சந்தைகளில் மலிவாகக் கிடைத்த படச்சுருள்களை வாங்கிச் சேர்த்தார். பக்திப் படம் மட்டுமன்று. கோமாளிக் கூத்து, செய்திப் படம், பயணப் படம் என்று எல்லாமே. அவர் 1919-இல் இறந்த பின்னும் அவருடைய சபையார் அவற்றை எறியவில்லை. 1970-களில் அவை லண்டன் திரைப்படக் காப்பகத்துக்கு மாற்றப்பட்டன. இன்று உலகின் தொடக்ககாலத் திரைப்படச் சேகரிப்புகளில் தலையாயவற்றுள் ஒன்று, மறைக்கல்வி வகுப்புக்காக ஒரு குருவானவர் வாங்கிய அந்தப் பழஞ்சரக்குத்தான். திருத்தந்தை இருபத்துமூன்றாம் யோவான் வத்திக்கானில் திரைப்படக் காப்பகத்தை நிறுவியது 1959-இல். இந்திய அரசு காப்பகம் தொடங்குவதற்கு ஐந்து ஆண்டுகள் முன்பு. ஆகவே, "சினிமாவைக் காப்பது திருச்சபையின் வேலையா?" என்று கேட்பவர்கள் உரோமையைவிடப் பக்திமான்களாக இருக்க முயல்கிறார்கள்.

இப்போது என் பாவத்தை அறிக்கையிடுகிறேன். ஏறத்தாழ நாற்பது ஆண்டுகளுக்கு முன், நான் இளைஞர் மன்றத்தில் இருந்தபோது, திருவிழாவுக்காக எங்கள் பங்கு மண்டபத்தைச் சுத்தம் செய்தோம். பரணில் நான்கு தகரப் பெட்டிகள் இருந்தன. உள்ளே 16 மில்லிமீட்டர் படச்சுருள்கள். முன்பு பங்கில் இருந்த வெளிநாட்டுக் குரு ஒருவர் எடுத்த படம் என்று கோவில்பிள்ளை சொன்னார். ஊர்த் தேர்பவனி அதில் இருக்கிறது, தம் தகப்பனாரும் அதில் தேர்வடம் பிடித்து வருகிறார் என்றார். திரையிடும் கருவி பழுதாகிக் கிடந்தது. பெட்டிகள் புளித்து நாறின. பழைய இரும்புக்காரரிடம் கொடுத்து, பேரீச்சம்பழம் வாங்கி, வேலை செய்த பிள்ளைகளுக்குப் பங்கிட்டோம். கோவில்பிள்ளை எங்களைத் தடுக்கவில்லை. படித்த பிள்ளைகள் செய்வது சரியாகத்தான் இருக்கும் என்று நினைத்திருப்பார். தகரம் நொறுங்கும் ஓசையைக் கேட்டுக்கொண்டு அவர் வாசலில் நின்றது மட்டும் என் கண்முன் நிற்கிறது. தகப்பனாரின் நடையை ஒருமுறை பார்க்க அவருக்கு இருந்த ஒரே வழியை, ஒரு கைப்பிடிப் பேரீச்சம்பழத்துக்கு விற்றவன் நான். நடராஜ முதலியாரின் படத்தை அழித்தவன் யார் என்று இனி நான் வெளியில் தேட வேண்டியதில்லை.

செய்ய வேண்டுவது

மூன்று வேண்டுகோள்கள். அரசினிடம்: பெற்றுக்கொண்ட சேகரிப்புகளுக்குப் பட்டியல் அச்சிடுங்கள், அவை கிடைக்கும் இடத்தையும் நேரத்தையும் அறிவியுங்கள், படச்சுருளுக்குக் குளிரறையும் பயிற்சி பெற்ற ஆட்களும் தாருங்கள். விருதைவிட அது மலிவு. நம் கல்லூரிகளிடம்: காட்சித் தொடர்பியல் துறைகள் நம்மிடம் பல உண்டு. படமெடுக்கக் கற்பிக்கும் அளவுக்கு, எடுத்ததைக் காக்கவும் கற்பியுங்கள். ஆனந்தனின் வேலையை ஒரு மாணவர் ஒரு மாவட்டத்துக்குச் செய்தாலும் போதும்.

மூன்றாவது வேண்டுகோள் நமக்கு. நம் பங்குகளில் திருமுழுக்குப் பதிவேடுகளைத் தலைமுறை தலைமுறையாகக் காத்து வந்திருக்கிறோம். யாரோ ஒரு ஏழைக் கூலிக்காரரின் பேரன் நூறாண்டு கழித்து வந்து கேட்டாலும், பக்கத்தைப் புரட்டித் தாத்தாவின் பெயரைக் காட்ட முடிகிறது. பெயர் பெரியதா சிறியதா என்று பார்த்து நாம் பதியவில்லை. காவலூரிலும் பெரிய விண்மீனா சிறிய விண்மீனா என்று பார்த்துப் பதிவதில்லை. காக்கும் பழக்கம் நமக்குப் புதிதன்று. அதைப் பதிவேட்டு அலமாரியோடு நிறுத்திக்கொண்டோம், அவ்வளவே.

ஆதலால், வரும் ஞாயிறு திருப்பலி முடிந்ததும் பங்கு மண்டபத்துப் பரணில் ஏறிப் பாருங்கள். வீட்டுப் பீரோவின் அடித்தட்டைத் திறந்து பாருங்கள். பாட்டுப் புத்தகமோ, நாடக நோட்டீசோ, தகரப் பெட்டியில் சுருளோ இருந்தால், துடைத்து, உலர்ந்த இடத்தில் வைத்து, அது யாருடையது, எப்போது வந்தது என்று ஒரு தாளில் எழுதி உடன் வையுங்கள். புளித்த வாடை வீசினாலும் எறியாதீர்கள், தெரிந்தவரைத் தேடுங்கள். பேரீச்சம்பழத்தைக் கடையில் காசு கொடுத்தே வாங்கிக்கொள்ளலாம்.